வாசகர் கேள்வி–பதில்: நவீன அமெரிக்க ஓவியமும் பார்ப்பவர் மனமும்

சென்ற இதழில் அமெரிக்க ஓவியர் ஜாக்சன் பொல்லாக் 1950-இல் வரைந்த ‘இலையுதிர்கால லயம்’ என்னும் ஓவியத்தை முழுப்பக்க அளவில் அச்சிட்டு, அதன் கீழ் ஒரு சிறு குறிப்பும் எழுதியிருந்தோம். அதைப் பற்றி வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் கோபத்துடன் எழுதப்பட்டவை. அந்தக் கோபம் ஆராயத் தக்கது என்று எனக்குத் தோன்றியதால், இம்மாதப் பகுதி முழுவதையும் அக்கடிதங்களுக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: நீங்கள் அச்சிட்டிருந்த ஓவியத்தைப் பார்த்ததும் என் நான்கு வயதுப் பேரன் கூடத்துத் தரையில் கொட்டிய மைதான் நினைவுக்கு வந்தது. முப்பதாண்டுகள் தமிழாசிரியராக இருந்தவன் நான். கலையுணர்வு அற்றவன் என்று என்னை நானே சொல்லிக்கொள்ள முடியாது. இப்படித் தோன்றியது என் அறியாமையா?
— ஓய்வுபெற்ற தமிழாசிரியர், திருநெல்வேலி

பதில்: அறியாமை இல்லை, ஐயா. ‘இதை என் வீட்டுக் குழந்தையே செய்யும்’ என்பது அமெரிக்காவிலேயே முக்கால் நூற்றாண்டாகச் சொல்லப்பட்டுவரும் பேச்சு. அதைச் சிரித்து ஒதுக்காமல், சோதித்துப் பார்க்க வேண்டிய கேள்வியாக எடுத்துக்கொண்டவர்கள் பாஸ்டன் கல்லூரியின் உளவியலாளர்களான ஏஞ்சலினா ஹாலி-டோலனும் எலன் வின்னரும். 2011-இல் வெளியான அவர்களுடைய ஆய்வில், அடையாளம் காணத் தக்க உருவம் எதுவும் இல்லாமல் வரையும் பெயர்பெற்ற அரூப ஓவியர்களின் படைப்புகளையும், குழந்தைகளும் குரங்குகளும் யானைகளும் வண்ணம் தீட்டிய தாள்களையும், நிறத்திலும் கோட்டிலும் தீற்றலிலும் ஒன்றையொன்று ஒத்திருக்குமாறு இணை இணையாகச் சேர்த்து, ஓவியக்கலை பயிலும் மாணவர்களிடமும் அது பயிலாத மாணவர்களிடமும் காட்டினார்கள். எது உங்களுக்குப் பிடித்திருக்கிறது, எது சிறந்த ஓவியம் என்று இரண்டு கேள்விகள் கேட்கப்பட்டன. சில இணைகளில் யார் வரைந்தது என்ற குறிப்பே கிடையாது. சிலவற்றில் சரியான குறிப்பு இருந்தது. சிலவற்றில் வேண்டுமென்றே மாற்றி எழுதி, ஓவியரின் படைப்புக்குக் கீழே ‘குழந்தை’ என்றோ ‘குரங்கு’ என்றோ போட்டிருந்தார்கள்.

ஓவியம் பயிலாதவர்கள்கூட, தற்செயலாக அமைவதைக் காட்டிலும் அதிகமான தடவைகள், ஓவியரின் படைப்பையே சிறந்ததென்று தேர்ந்தார்கள். குறிப்பை மாற்றி எழுதிய இடங்களிலும் அந்தத் தீர்ப்பு நிலைத்தது. ஏன் அதைத் தேர்ந்தீர்கள் என்று கேட்டபோது, திட்டமிட்டுச் செய்ததுபோல் தெரிகிறது, பின்னால் ஒரு மனம் இருப்பதுபோல் தோன்றுகிறது என்ற வகையான காரணங்களைச் சொன்னார்கள். ஆனால் இந்த ஆய்வை மேற்கோள் காட்டுவோர் பலர் சொல்லாமல் விடும் ஒரு பகுதியும் உண்டு. சரியாகத் தேர்ந்த விகிதம் நூற்றுக்கு அறுபது, எழுபது என்ற அளவில்தான் இருந்தது. அதாவது ஏறத்தாழ மூன்றில் ஒரு தடவை குழந்தையோ விலங்கோ தீட்டிய தாள் வென்றிருக்கிறது. ஆகவே தங்கள் ஐயத்துக்கு இடமே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். அந்த ஐயத்தையும் மீறி, கண்ணுக்கு ஏதோ ஒன்று தென்படுகிறது என்பதை மட்டும் சொல்வேன்.

இன்னொன்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும். அந்த ஓவியத்தின் அசல் இரண்டரை மீட்டருக்கு மேல் உயரமும் ஐந்து மீட்டருக்கு மேல் அகலமும் உடையது. நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பூச்சு எதுவும் பூசப்படாத கித்தான் துணியில், சில இடங்களில் கறுப்பு வண்ணம் நீர்போல் ஊறி மங்கியிருக்கும். சில இடங்களில் மேலெழுந்து கெட்டியாக நிற்கும். எங்கள் பக்கத்தில் அந்த இரண்டும் ஒரே கறுப்பாக அச்சாகிவிட்டன. சிந்திய மைதான் தங்களுக்குத் தெரிந்ததென்றால், அதில் எங்கள் அச்சுக்கும் பங்கு உண்டு. ஓர் ஓவியத்தைப் பற்றிய கருத்து வேறு, அந்த ஓவியம் நம்மிடத்தில் எழுப்பும் எதிர்வினை வேறு என்பதையும், பெரும்பாலான சமயங்களில் முதலாவது இரண்டாவதற்கு முன்பே உருவாகிவிடுகிறது என்பதையும் இந்தக் கடிதங்களைப் படித்தபோது நான் திரும்பத் திரும்ப உணர்ந்தேன்.

கேள்வி: அமெரிக்கப் பொதுமக்கள் தங்கள் நாட்டு நவீன ஓவியத்தைத் தொடக்கத்திலேயே ஏற்றுக்கொண்டார்களா, அல்லது அங்கும் இதே சண்டைதானா?
— வரலாற்றுத் துறை மாணவி, மதுரை

பதில்: அங்கு நடந்த சண்டை இங்கு நினைத்துப் பார்க்க முடியாத அளவுக்குக் கடுமையானது. 1913 பிப்ரவரியில் நியூயார்க்கின் லெக்சிங்டன் அவென்யூவில் உள்ள 69-ஆவது படைப்பிரிவின் ஆயுதக்கூடத்தில், ஏறத்தாழ 1,300 படைப்புகளுடன் நவீன கலைக்கான ஒரு பெருங்காட்சி திறக்கப்பட்டது. ஐரோப்பியப் படைப்புகள்தான் அதிகக் கோபத்தைக் கிளப்பின. மார்செல் டுஷாம்பின் ‘படிக்கட்டில் இறங்கும் நிர்வாண உருவம்’ பத்திரிகைகளின் கேலிச்சித்திரங்களுக்கு வாரக்கணக்கில் தீனியாயிற்று. காட்சி சிகாகோவுக்குச் சென்றபோது அங்கிருந்த கலைப்பள்ளி மாணவர்களே பிரெஞ்சு ஓவியர் மத்தீஸின் ஓவியப் பிரதிகளைக் கொளுத்தினார்கள். பின்னாளில் நவீனம் பயிலவிருந்த தலைமுறைக்குச் சற்றே மூத்தவர்கள்தாம் அவர்கள் என்பது கவனிக்கத் தக்கது.

முன்னாள் குடியரசுத் தலைவர் தியடோர் ரூஸ்வெல்ட் அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு ஒரு கட்டுரை எழுதினார். டுஷாம்பின் ஓவியத்தைக் காட்டிலும் தம் குளியலறையில் கிடக்கும் நவஹோ பழங்குடியினரின் விரிப்பு எவ்வளவோ மேலானது என்பது அவர் வாதம். எனக்கு இது மிக முக்கியமான வாக்குமூலமாகப் படுகிறது. அந்த விரிப்பில் மனிதரும் இல்லை, மரமும் இல்லை. கோடுகளும் கட்டங்களும் நிறங்களும் மட்டுமே இருக்கின்றன. அவற்றை ரூஸ்வெல்ட் மனமார இரசித்தார். அதே வகையான கோடுகள் சட்டத்துக்குள் ஏறி, ஒரு தலைப்பும் பூண்டு, தம்மை ஓவியம் என்று அறிவித்துக்கொண்டபோதுதான் அவருக்குப் பொறுக்கவில்லை. உருவமின்மை அவரை உறுத்தவில்லை; ஓவியம் என்ற சொல் தந்த எதிர்பார்ப்பு நிறைவேறாததுதான் உறுத்திற்று. இன்று வரையிலான எதிர்ப்பின் பெரும்பகுதியை இந்த ஒன்றைக்கொண்டே விளக்கிவிடலாம் என்று நினைக்கிறேன்.

இதைவிட வேதனையான கதை 1946-இல் தொடங்கியது. போர் முடிந்த பின், அமெரிக்கா வெறும் இயந்திரங்களின் நாடு அன்று என்று உலகுக்குக் காட்டுவதற்காக வெளியுறவுத் துறை 49,000 டாலர் செலவில் 79 எண்ணெய் வண்ண ஓவியங்களை வாங்கி, ‘முன்னேறும் அமெரிக்கக் கலை’ என்ற பெயரில் ஐரோப்பாவுக்கும் இலத்தீன் அமெரிக்காவுக்கும் அனுப்பிற்று. பிராகில் நல்ல வரவேற்பு. உள்நாட்டிலோ, 1947 பிப்ரவரியில் ‘லுக்’ என்னும் படப் பத்திரிகை அவற்றில் சிலவற்றை அச்சிட்டு, ‘உங்கள் பணம் வாங்கிய படங்கள் இவை’ என்று தலைப்பிட்டது. ஓவியத்தைப் பார்க்கும் முன்பே வாசகர் தம்மை ஏமாற்றப்பட்டவராக உணரும்படி அமைந்த தலைப்பு அது. நாடாளுமன்றத்தில் கூச்சல் எழுந்தது. யசுவோ குனியோஷி வரைந்த ‘இளைப்பாறும் சர்க்கஸ் பெண்’ என்ற ஓவியத்தைக் குடியரசுத் தலைவர் ட்ரூமனே பழித்துப் பேசினார். நவீன ஓவியம் என்பது அரைகுறையான சோம்பேறிகளின் வெற்றுப் பிதற்றல் என்ற பொருளில் அவர் எழுதிய கடிதமும் இருக்கிறது. குனியோஷி ஜப்பானில் பிறந்து, சிறு வயதிலேயே அமெரிக்காவுக்கு வந்து, அங்கேயே ஓவியராகி வாழ்ந்தவர். அன்றைய சட்டம் அவருக்குக் குடியுரிமை தரவில்லை. அவர் மீது பாய்ந்த கோபத்தில் கலையைப் பற்றிய கோபம் எவ்வளவு, அந்நியரைப் பற்றிய கோபம் எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல முடியாது.

காட்சி பாதியிலேயே திரும்ப அழைக்கப்பட்டது. 1948-இல் அந்த ஓவியங்கள், போரில் மிச்சமான அரசுத் தளவாடங்களோடு தளவாடமாக, கல்வி நிறுவனங்களுக்குத் தரப்படும் 95 விழுக்காட்டுத் தள்ளுபடியில் விற்கப்பட்டன. அலபாமாவில் அன்று தொழில்நுட்பக் கல்லூரியாக இருந்த, இன்றைய ஆபர்ன் பல்கலைக்கழகம் 36 ஓவியங்களை 1,072 டாலருக்கு வாங்கிற்று. அவற்றுள் ஜார்ஜியா ஓ'கீஃபின் ஓவியமும் ஒன்று. பின்னர் அந்தப் பல்கலைக்கழகத்தின் அருங்காட்சியகமே அந்தத் தொகுப்பை அடித்தளமாகக் கொண்டு எழுந்தது.

1949-இல் மிச்சிகன் உறுப்பினர் ஜார்ஜ் டொண்டெரோ நவீன கலை முழுவதும் பொதுவுடைமைச் சதி என்று நாடாளுமன்றத்தில் முழங்கினார். அதே ஆண்டு ஆகஸ்டில் ‘லைஃப்’ இதழ் பொல்லாக்கின் படத்தைப் போட்டு, அமெரிக்காவில் வாழும் ஓவியர்களில் இவர்தான் மிகச் சிறந்தவரா என்று கேட்டது. ஐந்தரை மீட்டர் நீளமுள்ள ஓர் ஓவியத்தின் முன் கைகட்டி நிற்கும் அந்த மனிதரைப் பார்த்தவர்கள் பல இலட்சம் பேர். அந்த ஓவியத்தின் முன் நின்றவர்கள் அவர்களில் மிகச் சிலர். அதன் பிறகு வந்த கண்டனக் கடிதங்கள் எதைக் கண்டித்தன என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.

கேள்வி: உருவங்களைத் தெளிவாக வரைந்திருந்தால் மக்கள் எதிர்த்திருக்க மாட்டார்கள் அல்லவா?
— தையற்கடை உரிமையாளர், ஈரோடு

பதில்: எதிர்த்தார்கள். கிராண்ட் வுட் 1930-இல் வரைந்த ‘அமெரிக்கன் காதிக்’ ஓவியத்தில் கையில் கவைக்கோலுடன் ஒரு குடியானவரும், அருகில் ஒரு பெண்ணும் மரவீட்டின் முன் நிற்கிறார்கள். துணியின் தையல்கூடத் தெரியும். ஓவியரின் தங்கையும் அவருடைய பல் மருத்துவரும் அதற்கு மாதிரிகளாக நின்றவர்கள். சிகாகோ கலைக்கூடம் 300 டாலர் பரிசளித்தது. ஆனால் அந்தப் படம் ஓவியரின் சொந்த மாநிலமான அயோவாவின் செய்தித்தாளில் வந்ததும், எங்களை இவ்வளவு கடுகடுத்த முகத்தோடு காட்டுவதா என்று அங்குள்ள குடியானவர் வீட்டுப் பெண்கள் சினந்தார்கள். பிறகு பொருளாதாரப் பெருமந்தம் முற்றியபோது, அதே இறுகிய முகங்களை மக்கள் உறுதியின் அடையாளமாகக் கொண்டாடத் தொடங்கினார்கள். ஓவியத்தில் ஒரு கோடுகூட மாறவில்லை.

கேள்வி: மார்க் ராத்கோ என்பவரின் ஓவியங்களைப் பார்த்து மக்கள் அழுகிறார்கள் என்று படித்தேன். இணையத்தில் தேடிப் பார்த்தால் இரண்டு மூன்று நிறப் பட்டைகள்தாம் தெரிகின்றன. இது உண்மையா, அல்லது அழுதால்தான் அறிவாளி என்று காட்டிக்கொள்வதா?
— செவிலியர், திருச்சிராப்பள்ளி

பதில்: உண்மைதான். ராத்கோவே 1950-களில் ஓர் உரையாடலில், தம் ஓவியங்களின் முன் அழுகிறவர்கள், அவற்றை வரைந்தபோது தாம் அடைந்த சமயம் சார்ந்த அனுபவத்தையே அடைகிறார்கள் என்று சொல்லியிருக்கிறார். டெக்சாஸ் மாநிலத்தின் ஹூஸ்டன் நகரில் அவருடைய 14 ஓவியங்களுக்காகவே கட்டப்பட்ட எண்கோண வடிவத் தியானக்கூடம் ஒன்று 1971-இல் திறக்கப்பட்டது. வருகிறவர்கள் எழுதுவதற்கென்று அங்கு வைத்திருக்கும் குறிப்பேடுகளில், ஏன் என்று தெரியாமல் கண்ணீர் வந்தது என்று எழுதியவர்கள் உண்டு. இருட்டைத் தவிர ஒன்றும் தெரியவில்லை என்று எழுதியவர்களும் உண்டு. இருசாராரும் பொய் சொல்லவில்லை என்றே நான் கருதுகிறேன். அந்த ஓவியங்களில் கருமையும் கருஞ்சிவப்பு கலந்த ஊதாவும் தவிர வேறு நிறம் அநேகமாக இல்லை. மேற்கூரை வழியாக வரும் பகல் வெளிச்சம் மாற மாறத்தான் அவற்றின் மேற்பரப்பு மெல்லத் தெரியவரும். வந்த கையோடு திரும்புகிறவருக்கு அது கறுப்புச் சுவர்தான்.

கண்ணீர் ஏன் வருகிறது என்பதற்கு ஒரே விடை இல்லை. ஆனால் ராத்கோ எதை விரும்பினார் என்பது நமக்குத் தெரியும். தம் ஓவியங்களைத் தாழ்வாகத் தொங்கவிட வேண்டும், அறையின் வெளிச்சத்தைக் குறைக்க வேண்டும், பார்ப்பவர் மிக நெருங்கி நிற்க வேண்டும் என்பதில் அவர் பிடிவாதமாக இருந்தார். பெரிய ஓவியம் வரைவது ஆடம்பரத்துக்காக அன்று, பார்ப்பவரோடு அந்தரங்கமாக இருப்பதற்காகத்தான் என்று 1951-இல் சொன்னார். அவ்வளவு அருகில் நிற்கும்போது ஓவியத்தின் ஓரங்கள் பார்வையிலிருந்து நழுவிவிடுகின்றன. நிறங்கள் ஒன்றோடொன்று கலக்கும் விளிம்பு மங்கலாக இருப்பதால் கண் எந்த ஒரு கோட்டிலும் ஊன்றி நிற்க முடிவதில்லை. அடையாளம் கண்டு பெயரிட அங்கே எதுவும் இல்லாதபோது, மனம் தன் சேமிப்பிலிருந்தே எடுத்து அந்த இடத்தை நிரப்புகிறது. நரம்பியல் அறிஞர் எரிக் கேண்டல் இந்தப் பிந்திய பகுதியை விரிவாக விளக்கியிருக்கிறார்: முகத்தையும் மரத்தையும் அடையாளம் காண உதவும் இயல்பான பொறியமைப்புக்கு அரூப ஓவியத்தில் வேலை குறைந்துவிடுவதால், பார்ப்பவரின் நினைவும் உணர்ச்சியும் கற்பனையும் கூடுதலாக உழைக்க நேர்கிறது. அவரும் உடன் ஆய்வாளர்களும் 2020-இல் வெளியிட்ட ஒரு சோதனையில், ஓவியங்களை நாளையே பக்கத்துக் கூடத்தில் வைக்கலாமா, ஓராண்டு கழித்துத் தொலைவில் உள்ள கூடத்தில் வைக்கலாமா என்று கேட்டபோது, உருவ ஓவியங்களைவிட அரூப ஓவியங்களையே மக்கள் காலத்திலும் இடத்திலும் தொலைவுக்கு அனுப்பினார்கள். கையெட்டும் தூரத்திலுள்ள அன்றாடத்திலிருந்து அவை மனத்தை விலக்கி எடுத்துச் செல்கின்றன என்பதற்கு இதை ஒரு தடயமாகக் கொள்ளலாம்.

நீங்கள் செவிலியர் என்பதால் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. நோயாளியின் அருகில் பேச ஒன்றும் இல்லாமல் அமர்ந்திருக்கும் நேரம் உங்களுக்குப் பழக்கமானது. ராத்கோவின் ஓவியம் பார்ப்பவரிடம் கேட்பது ஏறத்தாழ அத்தகைய அமர்வைத்தான். கைபேசித் திரையில் மூன்று பட்டைகள் மட்டுமே தெரிந்ததில் வியப்பில்லை.

கேள்வி: மக்களுக்கு என்ன வேண்டும் என்று கேட்டு, அதையே வரைந்துவிட்டால் சிக்கல் தீர்ந்துவிடுமே?
— கணினிப் பொறியாளர், கோயம்புத்தூர்

பதில்: அப்படியே செய்து பார்த்தார்கள். சோவியத் நாட்டிலிருந்து நியூயார்க்கில் குடியேறிய கோமர், மெலமிட் என்னும் இரு ஓவியர்கள், 1993-இல் ஒரு கருத்துக்கணிப்பு நிறுவனத்தைக்கொண்டு 1,001 அமெரிக்கர்களிடம் தொலைபேசி வழியாக விரிவாகக் கேள்வி கேட்கச் செய்தார்கள். பிடித்த நிறம் எது, வீட்டுக்குள் நடக்கும் காட்சி வேண்டுமா, வெளிக்காட்சி வேண்டுமா, வளைந்த கோடுகளா, கூரிய கோணங்களா, என்ன அளவு என்றெல்லாம் கேட்டார்கள். நூற்றுக்கு 44 பேர் நீல நிறத்தைச் சொன்னார்கள். விடைகளை அப்படியே பின்பற்றி வரைந்த ‘அமெரிக்கா மிகவும் விரும்பும் ஓவியம்’ என்பதில் நீல வானமும் ஏரியும் குன்றும் மான்களும் உலாவும் ஒரு குடும்பமும் இருக்கின்றன. வரலாற்று நாயகர் வேண்டும் என்றும் மக்கள் சொல்லியிருந்ததால் ஜார்ஜ் வாஷிங்டனும் ஏரிக்கரையில் நிற்கிறார். ‘மிகவும் விரும்பாத ஓவியம்’ கூரிய முக்கோணங்கள் நிறைந்த சிறிய அரூப ஓவியம்.

பின்பு பல நாடுகளில் இதே கணிப்பை நடத்தியபோது, ரஷ்யா, சீனா, கென்யா என்று எங்கும் கிட்டத்தட்ட அதே நீல நிலக்காட்சியே வந்தது. ஹாலந்து மட்டும் விலகி, அரூப ஓவியத்தை விரும்பிற்று. ஆதிமனிதர் வாழ்ந்த புல்வெளியின் நினைவுதான் இந்தப் பொது விருப்பம் என்று தத்துவ அறிஞர் டெனிஸ் டட்டன் வாதிட்டார். உலகெங்கும் சுவர்களில் தொங்கும் நாட்காட்டிப் படங்கள் பழக்கிய கண்தான் இப்படிச் சொல்கிறது என்பது இன்னொரு தத்துவ அறிஞரான ஆர்தர் டேண்டோவின் கருத்து. சிவகாசி நாட்காட்டிகளோடு வளர்ந்த எனக்கு டேண்டோ சொல்வது எளிதில் புரிகிறது. ஆனால் நாட்காட்டிக்காரர்கள் ஏன் அந்தக் காட்சியையே தேர்ந்தார்கள் என்ற கேள்விக்கு அவரிடம் விடை இல்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். தனித்தனியே கேட்ட விருப்பங்களைக் கூட்டிச் செய்த அந்த ஓவியத்தைத் தம் ஓவியமாக நேசித்தவர் என்று ஒருவரையும் நான் அறியேன். நீலம் பிடிக்கும், மான் பிடிக்கும், வாஷிங்டனைப் பிடிக்கும் என்பவை ஓவியத்தைப் பற்றிய கருத்துகள். ஓர் ஓவியத்தின் முன் நிற்கும்போது நிகழ்வது அவற்றின் கூட்டுத்தொகையாக இருப்பதில்லை.

கேள்வி: பார்க்கப் பார்க்கப் பழகிவிடும், பழகினால் பிடித்துவிடும் என்கிறார்களே?
— இல்லத்தரசி, காஞ்சிபுரம்

பதில்: பாதி உண்மை. ராபர்ட் ஸயான்ஸ் என்ற உளவியலாளர் 1968-இல், ஒன்றை அடிக்கடி காண்பதாலேயே அதன் மீது விருப்பம் கூடுகிறது என்று காட்டினார். கார்னெல் பல்கலைக்கழகத்தின் ஜேம்ஸ் கட்டிங், தம் வகுப்பில் அதிகம் அறியப்படாத பிரெஞ்சு ஓவியங்களை விளக்கம் ஏதுமின்றி ஓரிரு நொடிகள் மட்டும் பலமுறை காட்டி, பருவ இறுதியில் மாணவர்களின் விருப்பம் அவற்றின் பக்கம் சாய்ந்திருந்ததைக் கண்டார். அருங்காட்சியகங்கள் எதைத் தொங்கவிடுகின்றனவோ அதையே நாம் பேரோவியம் என்று நம்புகிறோம் என்னும் சந்தேகம் இதனால் வலுப்பெற்றது.

ஆனால் 2013-இல் இங்கிலாந்தின் லீட்ஸ் பல்கலைக்கழகத்தில் இதையே வேறு ஓவியங்களைக்கொண்டு செய்தார்கள். அவர்கள் எடுத்துக்கொண்டவர் தாமஸ் கின்கேட். ஒளி வழியும் சன்னல்களும் பூந்தோட்டமும் சூழ்ந்த குடில்களை வரைந்து, அமெரிக்காவில் இருபது வீடுகளில் ஒன்றிலாவது தம் அச்சுப்படம் இருப்பதாகச் சொல்லிக்கொள்ளும் அளவுக்கு விற்பனையானவர் அவர். மாணவர்களுக்கு அவர் ஓவியங்களை மீண்டும் மீண்டும் காட்டக் காட்ட, விருப்பம் கூடவில்லை, குறைந்தது. ஒப்பீட்டுக்குக் காட்டிய பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கில ஓவியர் மில்லேயின் படைப்புகளுக்கு அப்படி நேரவில்லை. பழக்கம் ஓர் ஓவியத்தின் குணத்தையும் வெளிக்கொணர்கிறது போலும். ஆகவே பொல்லாக்கைப் பத்து முறை பார்த்தும் பிடிக்காமல் போனால், அந்தப் பத்து முறை வீண் என்று நினைக்க வேண்டாம். பார்த்து வெறுப்பதற்கு உங்களுக்கு முழு உரிமை உண்டு.

கேள்வி: பொல்லாக்கின் கோடுகளில் இயற்கையின் கணிதம் ஒளிந்திருப்பதாகச் சொல்வது சரியா?
— பன்னிரண்டாம் வகுப்பு மாணவர், தருமபுரி

பதில்: மரக்கிளை, கடற்கரை போல எந்த அளவில் பார்த்தாலும் ஒரே மாதிரியான சிக்கலைக் காட்டும் ஃபிராக்டல் வடிவங்கள் அவற்றில் இருப்பதாக இயற்பியலாளர் ரிச்சர்ட் டெய்லர் 1999-இல் எழுதினார். மிகச் சாதாரணக் கிறுக்கல்களும் அந்த அளவுகோலுக்குள் அடங்கிவிடும் என்று 2006-இல் வேறு இயற்பியலாளர்கள் மறுத்தார்கள். வாதம் முடியவில்லை, அதை நம்பி ஓவியத்தை விரும்பவோ வெறுக்கவோ தேவையில்லை.

கேள்வி: ஒற்றை நிறம் பூசிய துணிக்குக் கோடிக்கணக்கில் விலை கொடுக்கிறார்கள். இது மக்களை ஏமாற்றும் வேலை என்று நான் சொன்னால் என்ன தவறு?
— விவசாயி, தஞ்சாவூர் மாவட்டம்

பதில்: பொதுப்பணத்துக்குக் கணக்குக் கேட்பதில் தவறே இல்லை. ஆஸ்திரேலியாவில் 1973-இல் பொல்லாக்கின் ‘நீலக் கம்பங்கள்’ ஓவியத்தைத் தேசியக் கலைக்கூடத்துக்காக 13 இலட்சம் ஆஸ்திரேலிய டாலருக்கு வாங்கினார்கள். கலைக்கூட இயக்குநர் தாமாக வாங்கும் வரம்பை மீறிய தொகை என்பதால் பிரதமர் விட்லமே ஒப்புதல் தர வேண்டியிருந்தது; நாடே கொந்தளித்தது. அவரோ அவ்வாண்டுக் கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டையில் அந்த ஓவியத்தையே அச்சிட்டார். இன்று அதன் மதிப்பு பல நூறு மடங்கு. இதைச் சொல்லிப் பழைய எதிர்ப்பாளர்களை வாயடைக்கச் செய்வது வழக்கம். எனக்கு அதில் உடன்பாடில்லை. விலை ஏறியதால் ஓவியம் நல்லதாகிவிடாது, அன்று விலை அதிகமாக இருந்ததால் அது கெட்டதாகிவிடாததைப் போலவே.

‘ஒற்றை நிறம் பூசிய துணி’ என்று நீங்கள் சொன்னதற்குத்தான் விரிவாக விடை சொல்ல வேண்டும். கனடாவின் தேசியக் கலைக்கூடம், அமெரிக்க ஓவியர் பார்னெட் நியூமன் வரைந்த ‘நெருப்பின் குரல்’ என்ற ஓவியத்தை ஏறத்தாழ 18 இலட்சம் கனடா டாலருக்கு வாங்கிய செய்தி 1990-இல் வெளிவந்தது. நீலப் பட்டைகள் இரண்டுக்கு நடுவே ஒரு சிவப்புப் பட்டை, ஐந்தரை மீட்டர் உயரம். விவசாயியாகவும் இருந்த ஒரு நாடாளுமன்ற உறுப்பினர், இரண்டு டப்பா வண்ணமும் இரண்டு உருளைகளும் இருந்தால் பத்து நிமிடத்தில் இதைச் செய்துவிடலாம் என்றார். வேலையின் அருமை தெரிந்தவர் என்பதால் அவர் கோபம் எனக்குப் புரிகிறது. உழைப்புக்கும் கூலிக்கும் உள்ள பொருத்தம் கெட்டுவிட்டது என்ற உணர்விலிருந்து வரும் கோபம் அது. கலை தெரியாதவர் என்று ஏசி அதை ஆற்ற முடியாது.

ஆனால் அந்த உருளையைப் பற்றிய பேச்சு உண்மையிலேயே சோதனைக்கு வந்த ஓர் இடம் உண்டு. ஆம்ஸ்டர்டாமின் ஸ்டெடலிக் அருங்காட்சியகத்தில் இருந்த நியூமனின் ‘சிவப்புக்கும் மஞ்சளுக்கும் நீலத்துக்கும் யார் அஞ்சுகிறார்? – 3’ என்ற ஓவியத்தை, 1986-இல் ஒருவர் கத்தியால் நீளநீளமாகக் கிழித்தார். ஐந்து மீட்டருக்கு மேல் அகலமுள்ள அந்த ஓவியம் அநேகமாக முழுவதும் சிவப்பு. பழுது நீக்கி 1991-இல் அது திரும்பி வந்தபோது, சிவப்பின் ஆழமும் மினுக்கமும் போய்விட்டன, உருளையால் மேலே வண்ணம் பூசப்பட்டிருக்கிறது என்ற குற்றச்சாட்டு எழுந்தது, பழுது நீக்கியவர் மறுத்தார், வழக்குவரை சென்றது. முன்பு அதைப் பார்த்துப் பழகியவர்களின் கண்ணுக்கு அந்த வேறுபாடு தெரிந்தது. வெறும் சிவப்பு என்று எண்ணப்பட்ட பரப்பில், மெல்லிய பூச்சுகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி நின்ற வேலை அது என்பது, அது போன பிறகுதான் பலருக்குப் புலப்பட்டது. நாற்றங்கால் பச்சையும் கதிர் விடும் பருவத்துப் பச்சையும் ஒன்றில்லை என்று நீங்கள் தொலைவிலிருந்தே சொல்லிவிடுவீர்கள்; எனக்குச் சொல்லத் தெரியாது.

கேள்வி: வருகிற மே மாதம் மகள் வீட்டுக்காக நியூ ஜெர்சி செல்கிறோம். நியூயார்க்கின் நவீன கலை அருங்காட்சியகத்துக்கு ஒரு நாள் அழைத்துப் போவதாக மருமகன் சொல்கிறார். எனக்கும் என் கணவருக்கும் ஓவியம் பற்றி ஒன்றும் தெரியாது. எப்படிப் பார்ப்பது?
— ஓய்வுபெற்ற வங்கி ஊழியர், சென்னை

பதில்: எல்லாவற்றையும் பார்த்துவிட வேண்டும் என்று கிளம்பாதீர்கள், அம்மா. மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில் பார்வையாளர்களைக் கவனித்து 2001-இல் வெளியிட்ட ஓர் ஆய்வில், ஓர் ஓவியத்தின் முன் ஒருவர் நின்ற நேரம் சராசரியாக 27 நொடிகள். பாதிப் பேர் 17 நொடிகளுக்குள் நகர்ந்துவிட்டார்கள். அந்த நேரத்தில் ஒரு பகுதி பக்கத்திலுள்ள விவரக்குறிப்பைப் படிப்பதில் போய்விடும். மூன்று ஓவியங்களை மட்டும் தேர்ந்துகொண்டு, ஒவ்வொன்றுக்கும் பத்து நிமிடம் கொடுங்கள்; முழங்கால் வலி இருந்தால் நடுவிலுள்ள இருக்கையில் அமர்ந்தே பார்க்கலாம்.

முதலாவதாக ஆண்ட்ரூ வையத் 1948-இல் வரைந்த ‘கிறிஸ்டினாவின் உலகம்’. புல்வெளியில் ஒரு பெண் நமக்கு முதுகைக் காட்டியபடி, தொலைவிலுள்ள வீட்டை நோக்கிக் கையூன்றியிருக்கிறாள். உருவ ஓவியம் என்பதால் எளிதாக உள்ளே நுழைந்துவிடலாம். நடக்க இயலாதவராய்த் தரையில் ஊர்ந்தே நகர்ந்த ஓர் அண்டைவீட்டுப் பெண்மணியைக் கண்டு வரைந்தது அது என்பதை இப்போது நான் சொல்லிவிட்டதால், நீங்கள் பார்க்கும் ஓவியம் கொஞ்சம் மாறியிருக்கும். உங்கள் கணவரிடம் இதைச் சொல்லாமல் முதலில் பார்க்கச் செய்து, அவர் என்ன கண்டார் என்று கேளுங்கள்; ஒரு செய்தி பார்வையை எவ்வளவு திருப்புகிறது என்பது அப்போது தெரியும்.

அடுத்து பொல்லாக்கின் ‘ஒன்று: எண் 31’. ஐந்து மீட்டருக்கு மேல் அகலம். எங்கே தொடங்குவது என்று தேடாதீர்கள். ஏதேனும் ஒரு மெல்லிய கோட்டைப் பிடித்து, அது எதன் கீழ் மறைகிறது, எங்கே மீண்டும் மேலே வருகிறது என்று கண்ணால் தொடருங்கள். பிடிக்கவில்லை என்றால் தயங்காமல் அடுத்ததற்குப் போங்கள்.

கடைசியாக பார்னெட் நியூமன் 1950, 1951-ஆம் ஆண்டுகளில் வரைந்த, இலத்தீனில் தலைப்பிட்ட மிகப் பெரிய சிவப்பு ஓவியம். மருமகனிடம் ஓவியரின் பெயரைச் சொன்னால் கண்டுபிடித்துவிடுவார். பெரிய படத்தைத் தள்ளி நின்று பார்ப்பதுதான் நம் எல்லாருடைய வழக்கமும். ஆனால் 1951-இல் நியூயார்க்கில் நியூமன் நடத்திய காட்சியில், இங்குள்ள பெரிய ஓவியங்கள் அருகிலிருந்து பார்ப்பதற்காக வரையப்பட்டவை என்று ஒரு குறிப்பை அவரே சுவரில் ஒட்டிவைத்திருந்தார். காவலர் தடுக்காத தூரம்வரை நெருங்கி நில்லுங்கள். திரும்பி வந்ததும் என்ன தோன்றிற்று என்று ஓர் அஞ்சலட்டை எழுதிப்போடுங்கள். கோபம் வந்தாலும் சரி, அடுத்த இதழில் அப்படியே வெளியிடுகிறேன்.